அரியர் அண்ணன் ஏன் அறையில் இல்லை? 'ஹாஸ்டல் டேஸ்', 'எங்க ஹாஸ்டல்': ஒரு நிகழ்வு ஆய்வு

2019 டிசம்பர் 13 அன்று பிரைம் வீடியோவில் 'ஹாஸ்டல் டேஸ்' என்ற இந்தித் தொடர் வந்தது. டிவிஎஃப் என்ற இணையத் தொடர் நிறுவனத்தின் தயாரிப்பு. முதல் சீசனை இயக்கியவர் ராகவ் சுப்பு. அதே ஆண்டில் வந்த 'கோட்டா ஃபேக்டரி' என்ற கறுப்பு வெள்ளைத் தொடரை இயக்கியவரும் இவர்தான். ஐந்தே எபிசோடுகள். ஒரு பொறியியல் கல்லூரி விடுதி, நான்கு பையன்கள், இரண்டு பெண்கள். பெரிய கதை என்று ஒன்றும் கிடையாது. ஆனாலும் 2021 ஜூலை, 2022 நவம்பர், 2023 செப்டம்பர் என்று மேலும் மூன்று சீசன்கள் வந்து, நான்கு வருடப் படிப்பும் முடிந்தது.

2023 ஜனவரி 27 அன்று அதே பிரைம் வீடியோவில் 'எங்க ஹாஸ்டல்' வந்தது. அதன் தமிழ் மறு ஆக்கம், சதீஷ் சந்திரசேகரன் இயக்கம், இதுவும் ஐந்து எபிசோடு. அந்த ஆண்டு ஜூலையில் தெலுங்கிலும் ஒன்று வந்தது. இந்திப் பையன்கள் பட்டம் வாங்கிக்கொண்டு போனார்கள். தமிழ்ப் பையன்கள் இரண்டாம் வருடத்துக்கே போகவில்லை.

ஏன் என்று கேட்டால் நடிப்பு சரியில்லை, வசனம் எடுபடவில்லை என்று சொல்லிவிட்டுப் போகலாம். எனக்கு அது காரணமாகத் தெரியவில்லை. விடுதியில் ஒருவன் செய்யும் சேட்டை, அங்கே எது தடை என்பதைப் பொறுத்தது. பதினொரு மணிக்கு மேல் வெளியே சுற்றுவது ஓரிடத்தில் சாகசம், இன்னோரிடத்தில் தினசரி வழக்கம். ஆக விதிப்புத்தகத்தை விட்டுவிட்டு ஜோக்கை மட்டும் பெயர்த்து எடுத்தால் பாதிதான் வந்து சேரும். இந்த ஆய்வு அந்த மீதிப் பாதியைப் பற்றியது.

அறைதான் கதாநாயகன்

டிவிஎஃப் நிறுவனர் அருணாப் குமார் ஐஐடி கரக்பூரில் படித்தவர். அந்த நிறுவனத்துக்கு முகமாக இருந்த பிஸ்வபதி சர்க்கார், ஜிதேந்திர குமார் இருவரும் அதே கரக்பூர்தான். விடுதி நாடகக் கூட்டத்தில் பழகியவர்கள் ஒன்றுசேர்ந்து இணையத்தில் நகைச்சுவை செய்ய ஆரம்பித்ததுதான் அந்த நிறுவனத்தின் பூர்வகதை. அதனால் 'ஹாஸ்டல் டேஸ்' வெளியிலிருந்து எட்டிப் பார்த்து எழுதியதுபோல் இல்லை. பக்கெட்டுக்கும் குளியலறை வரிசைக்கும் எவ்வளவு முக்கியத்துவம் கொடுக்க வேண்டும் என்று அதற்குத் தெரிந்திருந்தது.

ஆறு பேரையும் சொல்லிவிடுகிறேன். நம் கண்ணாக இருப்பவன் அங்கித். படிப்பாளி சிராக். முரட்டு வெகுளி ரூபேஷ் பாட்டி (Bhati), எல்லோருக்கும் 'ஜாட்'. தேறாமல் அங்கேயே தங்கிவிட்ட சீனியர் ஜதின் கிஷோர்; இவனுக்கு வழங்கும் பட்டப்பெயரின் மூலச்சொல்லை இங்கே எழுத முடியாது. பெண்கள் பக்கம் ஆகாங்க்ஷா, வாயைத் திறந்தால் வசவு கொட்டும் நபோமிதா.

அங்கித்தாக முதல் இரண்டு சீசன்களில் நடித்த ஆதர்ஷ் கௌரவ் நடுவில் 'தி ஒயிட் டைகர்' படத்துக்காக பாஃப்டா சிறந்த நடிகர் பரிந்துரை வரை போய்விட்டார். மூன்றாம் சீசனில் அந்த இடத்துக்கு உத்சவ் சர்க்கார் வந்தார். மையப் பாத்திரத்தின் முகமே மாறியும் தொடர் நின்றுவிடவில்லை. விடுதியில் இருந்தவர்களுக்கு இது விளங்கும். அறைத்தோழன் மாறுவான், கட்டிலும் சுவரில் போன பேட்ச் ஒட்டிவிட்டுப் போன போஸ்டரும் அப்படியே இருக்கும். பழகிக்கொள்வோம்.

இன்னொன்று, இதன் காலக்கணக்கு. 2019-ல் முதல் வருடம், 2023-ல் கடைசி வருடம். 2019-ல் நிஜமாகவே பி.டெக் சேர்ந்த ஒருவனும் 2023-ல்தான் வெளியே வந்தான். நடுவில் கொரோனா. 2020 மார்ச்சில் நாடு முழுக்க விடுதிகள் காலியாயின. அந்த வருடம் சேர்ந்தவர்கள் முதல் வருடத்தைப் பெரும்பாலும் வீட்டிலேயே, அம்மா பக்கத்து அறையில் டிவி பார்க்கும் சத்தத்தோடு கழித்தார்கள். 2021 ஜூலையில் இரண்டாம் சீசன் வந்தபோது அவர்களில் பலர் விடுதி வாசலையே மிதித்திருக்கவில்லை. விடுதி என்றால் இப்படித்தான் இருக்குமாம் என்று திரையில் பார்த்துத் தெரிந்துகொண்ட முதல் தலைமுறை அது. தொடருக்கு அப்படி ஒரு பிடிப்பு கிடைத்ததில் இந்த ஏக்கத்துக்கும் பங்கு உண்டு என்றே நினைக்கிறேன்.

வாசலிலேயே வித்தியாசம்

இந்தித் தொடரின் பையன்கள் பல மாநிலங்களிலிருந்து ஜேஇஇ என்ற அகில இந்திய நுழைவுத்தேர்வு எழுதி வந்தவர்கள். பயிற்சி மையங்களுக்குப் பேர்போன ராஜஸ்தானின் கோட்டாவிலோ வேறெங்கோ ஒரு அறையில் இரண்டு வருடம் தனியாகக் கிடந்து, 'காலேஜ் போய்விட்டால் எல்லாம் சரியாகிவிடும்' என்ற ஒரே நம்பிக்கையில் வந்து சேர்கிறார்கள். அவர்களுக்கு விடுதி ஒரு விடுதலை. முதல் நாள் பெட்டியோடு வந்து நிற்கும்போதே சிரிப்புக்கான வெடிமருந்து அடைத்தாகிவிட்டது. அத்தனை நாள் அடக்கி வைத்தது இனி வெடிக்கப் போகிறது என்று பார்க்கிறவருக்கே தெரியும்.

தமிழ்நாட்டில் கதை வேறு. 1997 முதல் ஒற்றைச் சாளரக் கலந்தாய்வு. அதன்பின் 2006-ல் சட்டம் போட்டு நுழைவுத்தேர்வையே எடுத்தாகிவிட்டது. கணக்கு 100, இயற்பியல் 50, வேதியியல் 50 என்று பிளஸ் டூ மதிப்பெண்ணைச் சுருக்கி 200-க்கு ஒரு கட்-ஆஃப். 2018-ல் கலந்தாய்வு ஆன்லைனுக்குப் போகும்வரை கிண்டியில் அண்ணா பல்கலைக்கழக வளாகத்தில் ஒரு திருவிழாவே நடந்தது. அப்பா, மாமா, ஊரில் படித்த ஒரு அண்ணன், பையோடு அம்மா. திரையில் எந்தக் கல்லூரியில் எத்தனை இடம் மிச்சம் என்று ஓடும். உள்ளே போகும்வரை 'மெக்' என்று சொல்லிக்கொண்டிருந்தவன், உள்ளே போய் அப்பாவின் முகத்தைப் பார்த்துவிட்டு 'இசிஇ' என்று அழுத்திவிட்டு வருவான். வெளியே வந்ததும் மாமா, "சிவில் எடுத்திருக்கலாமேப்பா" என்பார்.

ஒரு முழு எபிசோடு அங்கேயே இருக்கிறது. அது இந்தியில் இருக்க முடியாது. மறு ஆக்கம் என்று தொடங்கியதால் தமிழிலும் இல்லை.

அப்புறம், இப்படிச் சேர்ந்தவனுக்குக் கிடைப்பது விடுதலையா? பெரும்பாலான தனியார் கல்லூரி விடுதிகளில் இருந்தவர்களைக் கேட்டுப் பாருங்கள். நான் இருந்த விடுதியில் ஆறு மணிக்கு மேல் கேட்டைத் தாண்ட முடியாது. எட்டரை மணிக்கு வருகைப் பதிவு, ஒன்பதரை வரை 'ஸ்டடி ஹவர்ஸ்'. அந்த ஒரு மணி நேரம் வராண்டாவில் வார்டன் செருப்புச் சத்தம் கேட்கும். அந்தச் சத்தத்தை வைத்தே அவர் எந்த அறைக்கு முன் நிற்கிறார் என்று சொல்லும் ஒருவன் எங்கள் அறையில் இருந்தான். ஷேவ் செய்யாமல் வகுப்புக்குப் போனால் வாசலிலேயே திருப்பி அனுப்புவார்கள். பெண்ணோடு பேசினால் இரண்டு பேர் வீட்டுக்கும் போன் போகும். பேருந்தில் ஆண்களுக்கு ஒரு பக்கம், பெண்களுக்கு ஒரு பக்கம். படிக்கட்டையே பிரித்து வைத்த கல்லூரிகளும் உண்டு என்று நண்பர்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன்.

இந்தித் தொடரில் சிரிப்பு, வீட்டுக் கட்டுப்பாட்டிலிருந்து தப்பித்து வந்தவன் கிடைத்த சுதந்திரத்தை என்ன செய்வது என்று தெரியாமல் தடுமாறுவதில் இருக்கிறது. தமிழ்நாட்டு விடுதியின் சிரிப்போ, வீட்டைவிட அதிகக் கட்டுப்பாட்டுக்குள் வந்து சிக்கியவன் சின்னச் சின்னத் தந்திரங்களால் மூச்சு விட இடம் தேடுவதில் இருக்கிறது. இரண்டும் இரண்டு வகை நகைச்சுவை. 'எங்க ஹாஸ்டல்' முதல் வகையைத் தமிழில் பேச வைத்தது. ஐஐடி மெட்ராஸில் காவேரி, நர்மதா, தப்தி என்று நதிப் பெயர் கொண்ட விடுதிகளில் இருந்தவர்களுக்கும், திருச்சி என்ஐடியில் அகேட், டைமண்ட், சஃபையர் என்று ரத்தினப் பெயர் கொண்ட விடுதிகளில் இருந்தவர்களுக்கும் அது ஓரளவு பொருந்தியிருக்கும். மாநிலத்தில் ஐநூறு பொறியியல் கல்லூரிகளைத் தாண்டிப் போன காலம் ஒன்று உண்டே, அங்கே படித்த பெருங்கூட்டத்துக்கு அது அடுத்த வீட்டுக் கதைதான்.

தேறாத சீனியர்

இந்தித் தொடரின் அச்சாணி ஜதின் கிஷோர்தான். நிகில் விஜய் நடித்த பாத்திரம். விடுதியின் சட்டம், ஓட்டை, கடன் கணக்கு எல்லாம் தெரிந்தவன். புதிதாக வரும் பையன்களுக்கு அவன் அண்ணனும் ஆசானும் எச்சரிக்கையும். 'படிக்காவிட்டால் இப்படி ஆகிவிடுவாய்' என்பதற்கு உயிருள்ள உதாரணமாக எதிர்க் கட்டிலில் படுத்திருக்கிறான். அவன் இல்லாவிட்டால் தொடர் வெறும் நண்பர்களின் அரட்டை.

இப்படி ஒருவன் இருக்க வேண்டுமென்றால், பாடத்தில் தோற்றவன் வருடத்தையும் இழந்து ஜூனியர்களோடு தங்க வேண்டும். அண்ணா பல்கலைக்கழகத்தின் இணைப்புக் கல்லூரிகளில் நடப்பது அது அல்ல. அங்கே அரியர், அதாவது தேறாத பாடம், வைத்தவன் தன் செட்டோடு அடுத்த செமஸ்டருக்குப் போய்க்கொண்டே இருப்பான். பதினெட்டு அரியர் இருந்தாலும் நான்காம் வருடம் முடிந்ததும் மற்றவர்களோடு சேர்ந்து பெட்டியைக் கட்ட வேண்டியதுதான். அதற்குப் பிறகு நவம்பர்-டிசம்பர், ஏப்ரல்-மே என்று வருடத்துக்கு இரண்டு தடவை ஹால் டிக்கெட்டோடு வருவான். வருகைப்பதிவு 75 சதவீதம் இல்லாமல் மாட்டியவன் மட்டும்தான் செமஸ்டரைத் திரும்பப் படிப்பான், 65-க்கு மேல் இருந்தால் மருத்துவச் சான்றிதழ் என்று ஒரு வழியும் உண்டு. ஆகவே தேறாத சீனியரை நம் விடுதி அறையில் வைத்துப் பார்ப்பது அரிது.

நம் அரியர் அண்ணன் எங்கே இருப்பான்? திருவல்லிக்கேணி மேன்ஷனில். அல்லது கல்லூரிக்கு எதிரே ஜூனியர் நான்கு பேர் எடுத்திருக்கும் வாடகை அறையில், தேர்வுக்கு முந்தின பத்து நாள். ஒரு டிராவல் பேக், யாரிடமோ வாங்கிய 'லோக்கல் ஆதர்' புத்தகம், நடுவில் இரண்டு பக்கம் கிழிந்த ஜெராக்ஸ். வீட்டில் "கம்பெனியில லீவு போட்டுட்டு வந்திருக்கேன்" என்றும், கம்பெனியில் "அக்கா கல்யாணம்" என்றும் சொல்லியிருப்பான். தேர்வறையில் அவனுக்குக் கண்காணிப்பாளராக வருகிறவர் சில சமயம் அவனோடு படித்து, எம்.இ. முடித்து, அங்கேயே விரிவுரையாளராகச் சேர்ந்தவராக இருப்பார். "டேய்" என்று கூப்பிடுவதா "சார்" என்று கூப்பிடுவதா என்று தெரியாமல் இரண்டு பேரும் திணறும் அந்த மூன்று மணி நேரத்தை நான் நேரில் பார்த்திருக்கிறேன். இருபது வருடம் பழைய அரியரை எழுதக்கூட சிறப்பு வாய்ப்பு கொடுத்த பல்கலைக்கழகம் நம்முடையது. நாற்பது வயதில் மகளைப் பள்ளியில் விட்டுவிட்டு எம்-3 என்ற மூன்றாம் கணிதத் தாளை எழுத வந்த அண்ணன்கள் இருக்கிறார்கள்.

ஜதின் கிஷோர் ஓரிடத்தில் தேங்கியவன். நம் அண்ணன் போய்ப் போய்த் திரும்பி வருகிறவன். இவனை வைத்து எழுத வேண்டிய நகைச்சுவையின் தாளமே வேறு.

பட்டப்பெயர், வசவு, ராகிங்

ரூபேஷ் பாட்டியை எல்லோரும் 'ஜாட்' என்கிறார்கள். அது அவன் சமூகத்தின் பெயர். வட இந்திய விடுதியில் அது சகஜமாக வரும். பெயருக்குப் பின்னாலேயே குடும்பப் பெயர் தொங்கும் ஊர். தமிழ்நாட்டில் இனிஷியலோடு பெயரை முடிப்பது வழக்கமாகி இரண்டு தலைமுறைக்கு மேல் ஆகிவிட்டது. ஒருவனைச் சாதிப் பெயரால் கூப்பிட்டு அதைச் செல்லப்பெயர் என்று இங்கே யாரும் சொல்ல முடியாது. சாதி இல்லாமல் போய்விட்டது என்று அர்த்தமில்லை. அது முதல் வாரத்தில் "உங்க ஊர்ல எந்தத் தெரு?" என்ற கேள்வியாகச் சுற்றி வரும், அதை நகைச்சுவையாக எழுதுவதற்குத் தைரியமும் வேண்டும், கையும் வேண்டும். நம் விடுதியில் பட்டப்பெயர் ஊரை வைத்து வரும்: 'தேனி', 'அரியலூர்', 'கோவில்பட்டி'. நான்கு வருடம் கூடவே இருந்தவனின் உண்மைப் பெயரைக் கல்யாணப் பத்திரிகையில் பார்த்துத் தெரிந்துகொண்டவர்கள் உண்டு.

வசவைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். இந்தத் தொடரின் பேச்சில் பாதி வசவு. ஓடிடிக்குத் தணிக்கை வாரியம் இல்லை; 2021 பிப்ரவரியில் வந்த விதிகளின்படி வயது முத்திரை போட வேண்டும். ஆனாலும் இதே டிவிஎஃப்பின் 'காலேஜ் ரொமான்ஸ்' என்ற இன்னொரு தொடர் வசவுக்காகவே நீதிமன்றம் ஏறியது. 2023 மார்ச்சில் டெல்லி உயர் நீதிமன்ற நீதிபதி, அந்த எபிசோடுகளை அறையில் இயர்போன் போட்டுத்தான் பார்க்க முடிந்தது என்று தீர்ப்பில் எழுதி, வழக்குத் தொடரலாம் என்றார். 2024 மார்ச் 19 அன்று உச்ச நீதிமன்றம் அந்த வழக்கை ரத்து செய்தது. கெட்ட வார்த்தை கெட்ட வார்த்தைதான், அதுவே ஆபாசம் ஆகிவிடாது என்பது அதன் சாரம்.

சட்டத்தில் தாண்டியாகிவிட்டது. தமிழில் இன்னொரு சிக்கல் உண்டு. இந்தி விடுதியின் வசவு கமா, முற்றுப்புள்ளி மாதிரி. கோபமே இல்லாமல் வரும். தமிழில் அந்த நிறுத்தற்குறி வேலையை 'மச்சி', 'மாப்ள', 'டேய்', 'மூடு' ஆகியவை செய்கின்றன. கெட்ட வார்த்தை வந்தால் பெரும்பாலும் அதில் ஒரு எடை இருக்கும். இந்தியில் வசவு விழும் இடத்திலெல்லாம் தமிழ் வசவை வைத்தால் பேச்சு கனத்துவிடுகிறது, எடுத்துவிட்டால் சப்பென்று ஆகிவிடுகிறது. மெட்ராஸ் ஐஐடி மாணவர்களின் கலப்பு வழக்கை 2006-ல் ஒரு ஜெர்மன் ஆய்வாளர் ஆராய்ச்சிப் பொருளாகவே எடுத்துக்கொண்டார். விடுதிக்கு விடுதி மொழி அவ்வளவு தனி. அதை வார்த்தைக்கு வார்த்தை பெயர்க்க நினைப்பது வீண் வேலை.

ராகிங்கும் இப்படித்தான். முதல் சீசன் ராகிங்கில்தான் தொடங்குகிறது; சிரிக்க வைத்துக்கொண்டே கடந்துவிடுகிறது. தமிழ் வாசகருக்கு 1996 நவம்பர் மறக்காது. சிதம்பரத்தில் நாவரசு என்ற மருத்துவ மாணவர் சீனியர் ஒருவரால் கொல்லப்பட்ட வழக்குதான் தமிழ்நாட்டை 1997-ல் ராகிங் தடைச் சட்டத்துக்குக் கொண்டுபோனது. இரண்டு ஆண்டு வரை சிறை, பத்தாயிரம் ரூபாய் வரை அபராதம். நாடு முழுவதற்குமான யுஜிசி ஒழுங்குமுறைகள் 2009-ல்தான் வந்தன. அந்த நினைவு இருக்கும் ஊரில் ராகிங் காட்சிக்குச் சிரிப்பு அவ்வளவு சுலபமாக வராது. சட்டம் வந்த பிறகு நடக்கிற நிஜமோ வேடிக்கையானது. 'இன்ட்ரோ' என்று பெயர் மாற்றிக்கொண்ட ராகிங், "தம்பி, ராகிங் எல்லாம் இல்ல, சும்மா ஒரு பாட்டுப் பாடு" என்று கெஞ்சும் சீனியர், புகார் போய்விடுமோ என்று பயந்து ஜூனியருக்கே டீ வாங்கிக் கொடுக்கும் சீனியர். இதையாவது எழுதியிருக்கலாம்.

யாரும் எழுதாத சீசன்

ஒரு மறு ஆக்கம் பிழைப்பதே இல்லை என்று சொல்ல வரவில்லை. இதே டிவிஎஃப்பின் 'பஞ்சாயத்' 2024 செப்டம்பரில் நாகா இயக்கத்தில் 'தலைவெட்டியான் பாளையம்' என்று தமிழில் வந்தது. மனைவி பெயரில் பதவி, நாற்காலியில் கணவர் என்ற அதன் அடிப்படை ஜோக் பெண்களுக்கான உள்ளாட்சி இட ஒதுக்கீட்டிலிருந்து பிறப்பது. அந்தச் சட்டம் இங்கேயும் இருக்கிறது, அந்தக் கணவர்களும் இருக்கிறார்கள். அடித்தளமே இங்கும் இருந்ததால் அந்தக் கதைக்குப் பயணம் சுலபம்.

விடுதிக்கு அந்த வசதி இல்லை, ஆனால் நமக்கென்று ஒரு கதை சும்மா கிடந்தது. 2020 ஆகஸ்ட் 26. கொரோனாவால் தேர்வு நடத்த முடியாத நிலையில், அரியர் தேர்வுக்குக் கட்டணம் கட்டியவர்கள் எல்லோரும் தேர்ச்சி என்று அப்போதைய முதலமைச்சர் எடப்பாடி பழனிசாமி அறிவித்தார். கட்டணம் கட்டினால் பாஸ்! கட்டாமல் விட்டவன் தலையில் அடித்துக்கொண்டான். இருபது அரியரோடு நம்பிக்கையை விட்டிருந்தவன் ஒரே மாலையில் இன்ஜினியர் ஆனான். ஒழுங்காகப் படித்து ஒவ்வொரு பேப்பராகத் தேறியவன் வயிற்றெரிச்சலில் இரண்டு நாள் யாரோடும் பேசவில்லை. முதல்வரைக் கடவுளாக்கி மாணவர்கள் பேனர் வைத்தார்கள். பிறகு தொழில்நுட்பக் கல்விக்கான அகில இந்தியக் குழுவான ஏஐசிடிஇ எதிர்த்தது, விஷயம் உயர் நீதிமன்றம் போனது, பாஸ் ஆனவர்கள் தாங்கள் பாஸா ஃபெயிலா என்று மாதக்கணக்கில் தெரியாமல் சுற்றினார்கள். பெண் வீட்டில் "மாப்பிள்ளை பி.இ. முடிச்சிட்டாரா?" என்று கேட்டால், "வழக்கு நிலுவையில் இருக்கிறது" என்பதுதான் நேர்மையான பதிலாக இருந்திருக்கும்.

ஹால் டிக்கெட், வாட்ஸ்அப் வதந்தி, பேனருக்கு வசூல் பண்ணின காசில் பிரியாணி, தீர்ப்பு வரும் நாளில் அறையில் கூடும் அண்ணன்கள் என்று ஐந்து எபிசோடுக்கும் அங்கே ஆள் இருந்தது. பேனரில் யார் படத்தை எவ்வளவு பெரிதாகப் போடுவது என்ற சண்டைக்கே ஒரு எபிசோடு போதாது.